மாதம் எவ்வளவு, மொத்தம் எவ்வளவு? கீழப்பாவூரிலிருந்து ஒரு வீட்டுக்கடன் கணக்கு

தென்காசி மாவட்டத்துக் கீழப்பாவூர் பக்கம் வட்டி தெரியாதவர் யாருமில்லை. ஒரு ரூபாய் வட்டி, ரெண்டு ரூபாய் வட்டி, அவசரத்துக்கு அஞ்சு ரூபாய் வட்டி என்று, நூற்றுக்கு மாதம் எவ்வளவு என்ற கணக்கில்தான் இங்கே பணம் கைமாறுகிறது. வங்கியில் எட்டரை சதவீதம் என்று சொன்னதும் கேட்பவர் மனத்துக்குள் பன்னிரண்டால் வகுத்துவிடுவார். நூற்றுக்கு எழுபத்தோரு காசு. ரெண்டு ரூபாய்க்குப் புரட்டிப் பழகியவருக்கு இதைவிட மலிவான பணம் கிடையாது. அந்த நினைப்பில் தவறும் இல்லை. ஆனால் ரெண்டு ரூபாய் வட்டிக்கு வாங்கியதை அறுப்பு முடிந்ததும் திருப்பிவிடுவோம். எழுபத்தோரு காசு வட்டிக்கு வாங்கியதை இருபது வருடம் வைத்திருப்போம். வீட்டுக்கடனின் விலையை வட்டி விகிதம் பாதி சொல்கிறது. மீதியைக் காலம் சொல்கிறது. அந்த இரண்டாவது பாதியைப் பற்றி இங்கே யாரும் பேசுவதில்லை.

கடன் கொடுக்கும் இடத்தில் நடக்கும் பேச்சைக் கேட்டாலே இது தெரியும். "மாசம் எவ்வளவு சார் கட்டணும்?" என்பதுதான் முதல் கேள்வி. "பதினேழாயிரத்துச் சொச்சம்தான் அண்ணாச்சி" என்று பதில் வரும். கட்டிவிடலாமா என்று வீட்டில் ஒரு யோசனை, அத்தோடு முடிவு ஆகிவிடும். மொத்தம் எவ்வளவு கட்டப்போகிறோம் என்ற கேள்வி எழுவதற்கு முன்பே கையெழுத்துப் போட வேண்டிய பக்கங்களில் பென்சில் குறி போட்டுத் தயாராக இருக்கும்.

ஒரு கணக்கை எடுத்துக்கொள்வோம். சொந்த மனையில் வீடு கட்ட 20 லட்சம் கடன், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 17,356 ரூபாய். 240 தவணையும் கட்டி முடித்தால் மொத்தம் 41,65,000 ரூபாய்க்குச் சற்று மேல். வாங்கியது 20 லட்சம், வட்டி மட்டும் 21,65,000. எழுபத்தோரு காசு வட்டி அசலைத் தாண்டிவிட்டது.

இது எப்படி நடக்கிறது என்பதைக் கடன் கணக்கு அறிக்கையின் முதல் வரியிலேயே பார்க்கலாம். முதல் தவணையாகக் கட்டிய 17,356 ரூபாயில் வட்டிக்குப் போனது 14,167. அசலில் கழிந்தது 3,190. அடுத்த மாதம் அசல் கழிவு இருபது ரூபாய் கூடும், அதற்கடுத்த மாதம் இன்னும் கொஞ்சம். ஐந்து ஆண்டில் பத்து லட்சத்து நாற்பதாயிரத்துக்கு மேல் கட்டிய பிறகும் பாக்கி 17,62,000 நிற்கும். சரிபாதி காலம், பத்து ஆண்டு, கடந்த பின்னும் 14 லட்சம் நிற்கும். பாதி அசல் தீர்வதற்குப் பதின்மூன்றே முக்கால் ஆண்டுக்கு மேல் ஆகும். பத்து வருடம் தவறாமல் கட்டியவர் வங்கியில் போய்ப் பாக்கியைக் கேட்டுவிட்டு, கட்டிய பணம் எங்கே போனது என்று திகைப்பது இதனால்தான். யாரும் ஏமாற்றவில்லை. பாக்கி நிற்கும் அசலுக்கு அந்தந்த மாத வட்டியை முதலில் எடுப்பதுதான் குறையும் அசல் முறையின் இயல்பு. தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கிறது.

இந்த இயல்பைத் தெரிந்துகொண்டால் காலத்தின் விலையும் தெரிந்துவிடும். அதே கடனைப் 15 ஆண்டில் முடித்தால் தவணை 19,695. மாதம் 2,340 ரூபாய்தான் கூடுதல், மிச்சமாகும் வட்டியோ ஆறு லட்சத்து இருபதாயிரம். 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 15,378 ஆகக் குறையும். 20 ஆண்டுத் தவணையைவிட இரண்டாயிரம்தான் குறைவு. அந்த இரண்டாயிரத்துக்காகக் கூடுதலாகக் கட்டும் வட்டி 13,70,000. தவணை சிறியது என்று காட்டி நீண்ட காலத்தைத் தள்ளிவிடுவதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். வருமானம் இடம் கொடுக்காதவருக்கு வேறு வழியில்லைதான். இடம் கொடுத்தும் விவரம் தெரியாமல் முப்பது ஆண்டுக்கு ஒப்புக்கொள்பவர்களைப் பார்க்கும்போது மனம் கொதிக்கிறது.

இதுவரை சொன்னது வட்டி மாறாது என்று வைத்துப் போட்ட கணக்கு. நம் நாட்டில் வீட்டுக்கடன் பெரும்பாலும் மாறும் வட்டியில்தான் இருக்கிறது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடனை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. பெரும்பாலான வங்கிகள், ரிசர்வ் வங்கி தங்களுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ வட்டியைத் தேர்ந்துகொண்டன. 2020 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. அந்தக் காலத்தில் 6.75 சதவீதத்துக்கே வீட்டுக்கடன் கிடைத்தது. இதுதான் சமயம் என்று பலர் அஸ்திவாரம் தோண்டினார்கள். 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.50 சதவீதமாக ஏறியது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம்.

6.75 சதவீதத்தில் 20 லட்சம், 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 15,207. இரண்டு ஆண்டு கட்டியபின் பாக்கி ஏறத்தாழ 18,98,000. அப்போது வட்டி 9.25 ஆகிவிட்டது என்று, எளிமைக்காக ஒரேயடியாக ஏறியதாகவே, வைத்துக்கொள்வோம். இனி அந்தப் பாக்கிக்கு மாத வட்டி மட்டும் 14,635. பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது 570 ரூபாய்ச் சொச்சம். மிச்சமிருந்த 18 ஆண்டு 35 ஆண்டுக்கு மேல் நீளும். நாற்பது வயதில் வாங்கிய கடன் எழுபத்தேழு வயதில்தான் தீரும். காலத்தை நீட்டாமல் தவணையை ஏற்றுவதென்றால் மாதம் 18,077 கட்ட வேண்டும். அந்த நாட்களில் வங்கிகள் பல இடங்களில் கடன்காரரைக் கேட்காமலேயே காலத்தை நீட்டின. தவணை மாறாததால் கட்டுபவருக்கு எதுவும் தெரியவில்லை.

இதற்குப் பிறகுதான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாற வாய்ப்புத் தர வேண்டும் என்ற கட்டாயமும் 2025 வரை இருந்தது. மாத வட்டிக்கே தவணை போதாத நிலைக்குக் கடனைக் கொண்டுபோகக் கூடாது. இந்த உரிமை கையில் இருக்கிறது. ஆனால் செய்தி ஆங்கிலக் குறுஞ்செய்தியாக வருகிறது. ஆயிரம் விளம்பரங்களுக்கு நடுவே அதுவும் போய்விடுகிறது. 2025 பிப்ரவரியில் தொடங்கி ஜூனுக்குள் ரெப்போ 5.50 சதவீதத்துக்கு இறங்கியபோது இன்னொன்றைக் கவனிக்க வேண்டியிருந்தது. வட்டி இறங்கியது தவணையில் தெரிகிறதா, காலத்தில் தெரிகிறதா, எதிலுமே தெரியவில்லையா? 2019க்கு முந்தைய பழைய முறையில் இருக்கும் கடன்களிலும், வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் தம் சொந்த அளவுகோலில் கொடுத்த கடன்களிலும் இறக்கம் வந்து சேரத் தாமதமாகும். ஒரு சிறு கட்டணம் கட்டிப் புதிய வட்டிக்கு மாற்றித்தரக் கேட்கலாம். கேட்காதவருக்கு யாரும் தாமாக மாற்றித் தருவதில்லை.

அமெரிக்காவில் இந்தத் தொல்லை பெரும்பாலோருக்கு இல்லை. அங்கே முப்பது ஆண்டுக்கு மாறாத வட்டி என்பது வழக்கமான கடன். 2021 ஜனவரியில் அங்கே முப்பதாண்டுக் கடன் வட்டியின் வாராந்தர சராசரி 2.65 சதவீதம், 2023 அக்டோபரில் 7.79. 2021 ஜனவரியில் வாங்கியவர் இன்றும் அந்த 2.65-ஐத்தான் கட்டிக்கொண்டிருக்கிறார். வட்டி ஏறும் ஆபத்தை அங்கே கடன் கொடுப்பவரும் அவரிடமிருந்து கடனை வாங்கும் முதலீட்டாளரும் சுமக்கிறார்கள். இங்கே கீழப்பாவூர்க்காரர் சுமக்கிறார். கடனின் முழு விலையை ஆண்டுச் சதவீதமாகவும் மொத்தத் தொகையாகவும் எழுதிக் காட்ட வேண்டும் என்ற சட்டம் அமெரிக்காவில் 1968லேயே வந்துவிட்டது. சில்லறைக் கடன்கள் எல்லாவற்றுக்கும் அதுபோன்ற முக்கிய விவர அறிக்கை தர வேண்டும் என்ற ரிசர்வ் வங்கி விதி 2024 அக்டோபர் 1 முதல்தான் இங்கே நடப்புக்கு வந்தது. கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு விகிதம், தவணை அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். கடன்காரருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேட்டு வாங்குங்கள்.

வட்டியைத் தாண்டிய செலவுகள் இங்கே தனி ரகம். நகரத்தில் கட்டி முடித்த அடுக்குமாடி வீட்டை வாங்குகிறார்கள். நம் பக்கம் பூர்வீக மனையிலோ புதிதாகக் கூறுபோட்ட மனையிலோ நாமே கட்டுகிறோம். கொத்தனார், செங்கல், எம்-சாண்ட், கம்பி என்று ஒவ்வொன்றுக்கும் நாமே அலைகிறோம். கடனும் மொத்தமாகக் கைக்கு வராது. பேஸ்மென்ட் எழும்பியதும் ஒரு பங்கு, லிண்டல் மட்டத்தில் ஒரு பங்கு, கான்கிரீட் போட்டதும் ஒரு பங்கு, பூச்சுக்கு மீதி. வீடு முடியும்வரை எடுத்த தொகைக்கு வட்டி மட்டும் கட்ட வேண்டும். சராசரியாகப் 10 லட்சம் பதினைந்து மாதம் நின்றால் ஒரு லட்சத்துக்கு மேல் வட்டி போகும். அசலில் ஒரு காசு கழியாது. சாரல் காலத்தில் வேலை நின்றாலும், கொத்தனார் வேறு வேலைக்குப் போய்விட்டாலும், வட்டி நிற்காது. அத்தனை மாதமும் இருக்கும் வீட்டுக்கு வாடகையும் உண்டு.

அடுத்த பங்கு கிடைக்க இந்தக் கட்டம் முடிய வேண்டும். கட்டத்தை முடிக்கவோ கையில் காசில்லை. இங்கேதான் நகையும் சீட்டும் ரெண்டு ரூபாய் வட்டியும் வீட்டுக்கடனுக்குள் வந்து சேர்கின்றன. எஸ்டிமேட்டில் எழுதியதைவிட மூன்று லட்சம் கூடிவிட்டது என்று வெளியில் வாங்கினால் மாத வட்டி மட்டும் 6,000. வங்கித் தவணையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல். அசல் அப்படியே நிற்கும். என் கருத்தில், நம் பக்கத்து வீட்டுக்கடனின் உண்மை விலையைக் கூட்டுவதில் வங்கியைவிட இந்த வெளிக்கடனுக்கே பங்கு அதிகம். எந்த முக்கிய விவர அறிக்கையிலும் அது வராது. 2003ல் தமிழக அரசு கந்துவட்டித் தடைச் சட்டம் கொண்டுவந்தது. அதன் பிறகும் 2017 அக்டோபரில், இன்றைய தென்காசி மாவட்டத்துக் காசிதர்மம் கிராமத்துக் குடும்பம் ஒன்று, இரண்டு குழந்தைகளோடு, கந்துவட்டிக் கொடுமை தாங்காமல் நெல்லை ஆட்சியர் அலுவலகத்தில் தீயில் கருகியது. வீடு கட்ட இறங்குபவர் எஸ்டிமேட்டுக்கு மேல் ஐந்தில் ஒரு பங்கு கையில் இல்லாமல் இறங்கக் கூடாது என்று நான் பிடிவாதமாகச் சொல்வது இதனால்தான். இரண்டு அறையைக் குறைத்துக்கொள்ளலாம். மாடியை அடுத்த தலைமுறைக்கு விடலாம்.

சில்லறையாகத் தோன்றும் செலவுகளையும் விட்டுவிடக் கூடாது. பரிசீலனைக் கட்டணம், அதற்குப் 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டு இன்ஜினியர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்ஓடி பதிவு. மனையை விலைக்கு வாங்கிக் கட்டுவதென்றால் முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் பதிவுக் கட்டணம் 2 சதவீதமும் கையிலிருந்து போகும். 2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணம் 4லிருந்து 2 ஆகக் குறைந்தபோது வழிகாட்டி மதிப்பும் சேர்ந்தே உயர்ந்தது. பிறகு காப்பீடு. கடனோடு 60,000 ரூபாய் ஒரே தவணைக் காப்பீடு சேர்த்து, அதையும் கடனிலேயே ஏற்றினால், இருபது ஆண்டில் அந்த 60,000 ஒரு லட்சத்து இருபத்தைந்தாயிரமாக வெளியே போகும். குடும்பத்தில் சம்பாதிப்பவர் ஒருவர்தான் என்றால் காப்பீடு அவசியம் வேண்டும். அதைத் தனியாக, ஆண்டுதோறும் கட்டும் டேர்ம் பாலிசியாக எடுத்துக்கொள்ளலாம். கடனுக்கு இது கட்டாயம் என்று சட்டம் எதுவும் இல்லை.

யாருக்கு எங்கே கடன் கிடைக்கிறது என்பதிலும் விலை அடங்கியிருக்கிறது. அரசுப் பள்ளி ஆசிரியருக்கு எட்டரையில் கிடைக்கும். பாவூர்சத்திரம் காய்கறிச் சந்தையில் கமிஷன் கடை வைத்திருப்பவர் அவரைவிட அதிகம் சம்பாதிக்கலாம். வருமானவரிக் கணக்குத் தாக்கல் செய்திருக்க மாட்டார். பீடி சுற்றும் பெண்களுக்குப் பி.எஃப். இருக்கும், சம்பளச் சீட்டு என்று காட்ட ஒன்றும் இருக்காது. மனைக்கு அங்கீகாரம் இல்லாமலும் இருக்கலாம். வங்கி கைவிரித்ததும் தனியார் நிதி நிறுவனத்துக்குப் போகிறார்கள். 10 லட்சத்தை 15 ஆண்டுக்கு எட்டரையில் வாங்கினால் தவணை 9,847. பதின்மூன்று சதவீதத்தில் 12,652. முடிவில் ஐந்து லட்சம் வித்தியாசம். மூன்று வருடம் ஒழுங்காக வருமானவரிக் கணக்குத் தாக்கல் செய்து, மனைக்கு அங்கீகாரமும் வாங்கிவிட்டு, பிறகு வங்கிக்குப் போவது அந்த ஐந்து லட்சத்தைச் சம்பாதிக்கும் வேலை. 2024 ஜூலையில் 2,500 சதுர அடி மனையில் 3,500 சதுர அடிவரை கட்டும் வீடுகளுக்குச் சுயசான்று முறையில் இணையவழி உடனடி அனுமதி வந்தபின் வரைபட அனுமதிக்கான அலைச்சலாவது குறைந்திருக்கிறது.

அரசு உதவி யாருக்கு எது என்பதிலும் இங்கே குழப்பம் உண்டு. கீழப்பாவூர் பேரூராட்சி, கீழப்பாவூர் ஒன்றியத்துக் கிராமங்கள் ஊராட்சிகள். தமிழக அரசின் கலைஞர் கனவு இல்லத் திட்டத்தின் மூன்றரை லட்சம் ஊரகத்துக்கு. பிரதமர் வீட்டுவசதித் திட்டத்தின் நகர்ப்புறப் பிரிவு பேரூராட்சிக்கு. பழைய திட்டத்தில் 2.67 லட்சம் வரை வட்டி மானியம் கிடைத்தது. அது 2022 மார்ச்சோடு முடிந்தது. 2024ல் வந்த இரண்டாம் கட்டத்தில் அதிகபட்சம் 1.80 லட்சம், ஐந்து ஆண்டுத் தவணையாக. வருமானவரிச் சலுகை பற்றிய பேச்சும் பழையதாகிவிட்டது. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு இரண்டு லட்சம்வரை கழிவு பழைய வரிமுறையில்தான் உண்டு. புதிய முறையில் கிடையாது. வரிக்காக வீட்டுக்கடன் வாங்கு என்று இன்னும் சொல்பவர்களின் பேச்சைக் கேட்காதீர்கள்.

கடன் வாங்குவதை ஆதரிப்பவர்கள் சொல்லும் ஒரு வாதம் வலுவானது. இன்றைய 17,356 ரூபாயும் இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 17,356 ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் கடைசித் தவணை இன்றைய மதிப்பில் ஆறாயிரத்து ஐந்நூறுதான். மொத்தம் கட்டும் நாற்பத்தொன்றரை லட்சத்தின் இன்றைய மதிப்பு இருபத்தாறு லட்சத்துச் சொச்சம். கணக்கு சரி. ஆனால் விலைவாசியோடு வருமானமும் ஏறுகிறவருக்குத்தான் தவணை இளகும். அகவிலைப்படி வாங்கும் ஆசிரியருக்கு ஏறும். சந்தையில் வெண்டைக்காய் விலை விழுந்த மாதத்தில் கடைக்காரருக்கு ஏறாது. வீட்டு மதிப்பு ஏறும் என்பதும் அப்படித்தான். தென்காசிச் சாலையோர மனையின் விலை ஏறலாம். பங்காளி வீடுகளுக்கு நடுவே பூர்வீக மனையில் கட்டிய வீட்டை யாரும் விற்பதில்லை. விற்காத வீட்டின் விலை ஏற்றம் தவணை கட்ட உதவாது.

நிச்சயமில்லாத அந்த வருமானத்தோடுதான் பிள்ளைகளின் வயதும் மோதுகிறது. முப்பத்தெட்டில் கடன் வாங்கியவருக்குப் பத்தாம் ஆண்டில் பெரியவள் கல்லூரி, பதினைந்தாம் ஆண்டில் கல்யாணம். அசலில் இன்னும் நாற்பது முதல் எழுபது சதவீதம்வரை நிற்கும் காலத்தில் பெரிய செலவுகள் வருகின்றன. நகை அடகுக்குப் போகும். சில குடும்பங்களில் தவணையே நிற்கும். தொண்ணூறு நாள் நிலுவை விழுந்தால் வாராக்கடன். பிறகு 2002ஆம் ஆண்டுச் சர்ஃபேசி சட்டத்தின்கீழ் அறுபது நாள் நோட்டீஸ். ஊரறியச் சுவரில் நோட்டீஸ் ஒட்டப்பட்ட வீட்டில் இருப்பவர்களின் மனநிலையை எந்த அட்டவணையிலும் எழுத முடியாது.

தவணையை ஒத்திப்போடுவதும் பெரிய விலை கேட்கும். 2020ல் கொரோனா காலத்தில் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணைக்கு விலக்கு கிடைத்தது. நம் உதாரணக் கடனில் இரண்டு ஆண்டு கட்டியிருந்தவரின் பாக்கி 19,17,000. ஆறு மாதம் கட்டாமல் விட்டால் பாக்கி மறுபடியும் ஏறத்தாழ 20 லட்சம். வட்டிக்கு வட்டியை மட்டும் அரசு பின்னர் திருப்பிக் கொடுத்தது. வட்டி சேர்ந்தது சேர்ந்ததுதான். தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் கடன் முப்பது மாதம் தள்ளிப்போகும். வழியில்லாதவர் வேறென்ன செய்ய முடியும்? வழி இருந்தும் இலவசம் என்று நினைத்து விட்டவர்கள்தான் பாவம்.

எதிர்த்திசையிலும் இதே கணக்கு வேலை செய்கிறது என்பதுதான் ஆறுதல். தொடக்கம் முதல் மாதம் ஆயிரம் ரூபாய் சேர்த்துக் கட்டினால் கடன் 31 மாதம் முன்னதாகத் தீரும். மூன்று லட்சத்துக்கு மேல் மிச்சம். இரண்டாம் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் மொத்தமாகக் கட்டினால் 24 மாதத் தவணை குறையும். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் எட்டரை மாதம்தான் குறையும். போனஸ், சீட்டுப் பணம், சவூதியிலிருந்து தம்பி அனுப்பியது எதுவானாலும், அதிக வட்டிக் கடன்களை முடித்தபின், முதல் ஐந்து ஆண்டுக்குள் அசலில் போட வேண்டும். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி தடுத்துவிட்டது. கட்டும்போது ஒன்றை எழுதிக் கொடுங்கள்: தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள். சொல்லாவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள். மிச்சத்தில் பெரும்பகுதி போய்விடும்.

கடைசித் தவணை கட்டிய பிறகும் ஒரு வேலை பாக்கி. அசல் பத்திரங்களை வங்கி முப்பது நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். தன் பக்கத் தாமதத்துக்கு நாளொன்றுக்கு 5,000 ரூபாய் கொடுக்க வேண்டும் என்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததும் சாமி படத்தடியில் வைத்துவிட்டு மறந்துவிடுகிறோம். எம்ஓடியை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். பதியாவிட்டால் வில்லங்கச் சான்றில் வீடு அடமானத்தில் இருப்பதாகவே காட்டும். பிள்ளைகள் பாகம் பிரிக்கும்போதோ, பேத்தி படிப்புக்குக் கடன் கேட்கும்போதோ அது குறுக்கே நிற்கும். அதற்குள் அந்தக் கிளை வேறொரு வங்கியோடு இணைந்திருக்கலாம், பழைய கோப்பைத் தேட ஆளில்லாமலும் போகலாம். கடன் தீர்ந்த அந்த மாதமே வங்கி அலுவலரை அழைத்துப் போய்ப் பதிந்துவிட்டு, புதிய வில்லங்கச் சான்றை வாங்கிப் பத்திரத்தோடு சேர்த்து வையுங்கள்.